மாமாவின் மூவாயிரம் ரூபாய்: பைண்டா, புதுப் புத்தகமா, நூலகமா, ஸ்கேனா?

மாமாவுக்கு இரண்டு கண்ணிலும் புரை அறுவை முடிந்து, ஒன்றரை மாதம் கழித்துக் கண்ணாடியும் வந்துவிட்டது. கண்ணாடி வந்த அன்றே கேட்டுவிட்டார். "டிவி போதும்பா. இன்னா போட்டாலும் ஒரே கத்தலா கீது. படிக்கறதுக்கு எதுனா எடுத்துனு வா மாப்ள." அன்று ராத்திரி பெங்களூரிலிருந்து அவர் மகன் போன் செய்தான். "மச்சான், மூவாயிரம் அனுப்பறேன். அப்பாவுக்கு என்ன பிடிக்கும்னு உனக்குத்தான் தெரியும். நீயே பாத்து வாங்கிக் கொடுத்துடு." எனக்குத் தெரியும் என்று அவன் இத்தனை நாள் நம்பிக்கொண்டிருந்தான் என்பதே எனக்கு அப்போதுதான் தெரிந்தது.

மாமாவைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். வாலாஜாவில் பிறந்தவர். வேலூரில் வேலை பார்த்து, சத்துவாச்சாரியில் வீடு கட்டி, ஓய்வு பெற்றுப் பதினாறு வருஷம் ஆகிறது. வயது எழுபத்து நான்கு. காலையில் காபிக்குப் பிறகு ஒரு மணி நேரம், மதியம் தூங்குவதற்கு முன் படுத்தபடி அரை மணி நேரம், இவ்வளவுதான் படிக்கும் நேரம். கோடை விடுமுறைக்கு மூன்றாம் வகுப்புப் படிக்கும் பேத்தி வருவாள். தமிழ் நன்றாகப் பேசுவாள். படிக்கச் சொன்னால் எழுத்துக் கூட்டுவாள். அவளுக்கும் சேர்த்துத்தான் இந்த மூவாயிரம் என்று அத்தை தனியாகக் கூப்பிட்டுச் சொன்னார்.

என் முன்னால் இருந்த வழிகள் நாலைந்து. வீட்டுப் பரணில் இருக்கும் பழைய பைண்டு வால்யூம்களைத் தூசி தட்டிக் கொடுத்து, குறைவதைப் பழைய கடையில் தேடுவது. புதுப் புத்தகமாக வாங்குவது. நூலகத்தில் உறுப்பினராக்கிவிட்டு மூவாயிரத்தையும் மிச்சம் பிடிப்பது. இணையத்தில் இலவசமாகக் கிடைக்கும் ஸ்கேன்களை டேப்லட்டில் இறக்கிக் கொடுப்பது. பத்து நாள் இதே யோசனையாக அலைந்ததில் எனக்குத் தெரிந்ததை எழுதுகிறேன். உங்கள் வீட்டிலும் ஒரு மாமா இருக்கலாம்.

பரணில் இருந்தவை

என் ஆயா, அதாவது மாமாவின் அம்மா, ஐந்தாவது வரைக்கும்தான் படித்தவர். ஆனால் வாரப் பத்திரிகை வந்ததும் அடுப்பில் சோறு குழைந்தாலும் தொடர்கதையை முடித்துவிட்டுத்தான் எழுந்திருப்பாராம். தெருவில் நாலு வீடு சுற்றிய பிறகு இதழ் திரும்பி வரும். தொடர்கதைப் பக்கங்களை மட்டும் பின்னைக் கழற்றி எடுத்து, கத்தரியால் ஓரம் வெட்டி, வரிசையாக அடுக்கி வைப்பார். கதை முடிந்ததும் பைண்டரிடம் போகும். நூல் தையல், முதுகில் காலிகோ துணி, மேலே மொத்த அட்டை. ஒட்டுகிற மைதா பசையில் பூச்சி அரிக்காமல் இருக்க மயில்துத்தம் கலந்திருப்பார்கள். தமிழ்நாட்டில் அன்றைக்குப் பாதி வீடுகளில் இருந்த நூலகம் இதுதான். எந்தப் பதிப்பகமும் போடாத பதிப்பு. ஒரு பிரதிதான் உண்டு.

எங்கள் பரணில் மிஞ்சியது பொன்னியின் செல்வனின் இரண்டு பாகங்கள்: சுழற்காற்றும் மணிமகுடமும். கல்கி வார இதழில் 1950 அக்டோபரில் தொடங்கி 1954 வரை மூன்றரை வருஷம் வந்த கதை அது. முதல் பாகம் கரையான் வாயில் போயிற்று. மூன்றாம் பாகமான கொலை வாளை வாலாஜாவில் ஒருத்தர் வாங்கிக்கொண்டு போய் இன்னும் திருப்பித் தரவில்லை. ஐந்தாவது என்ன ஆனது என்று கேட்டால் மாமாவும் அம்மாவும் ஒருத்தரை ஒருத்தர் பார்த்துக்கொள்வார்கள். அந்தப் பேச்சு இங்கே வேண்டாம்.

சுழற்காற்றைப் பிரித்தேன். தாள் கருப்பட்டிக் காபி நிறத்தில் இருந்தது. ஒவ்வொரு தாளின் நடுவிலும் பின் துருப்பிடித்த இரண்டு செம்புள்ளி. மணியத்தின் ஓவியம் இருக்கும் பக்கங்களில் மை இன்னும் அழுத்தமாக இருந்தது. எதிர்ப்பக்கத்தில் அதே படம் நிழலாக இறங்கியிருந்தது. ஆனால் நான் நின்று பார்த்தது வேறொன்றை. ஓர் அத்தியாயத்தின் கடைசித் தாளைத் திருப்பினால், பின்பக்கத்தில் கதை இல்லை. மேல் பாதியில் கூந்தல் தைல விளம்பரம். கீழே ஒரு துணுக்கு: டாக்டரும் நோயாளியும் பேசிக்கொள்கிறார்கள். டாக்டர் கேட்டுவிட்டார். நோயாளி பதில் சொல்ல வேண்டிய இடத்தில் ஆயாவின் கத்தரி போயிருந்தது. எழுபது வருஷமாக அந்த நோயாளி வாயைத் திறக்காமல் உட்கார்ந்திருக்கிறார்.

பழைய இதழ் வாங்குவதா வேண்டாமா என்ற கேள்விக்கு விடை இந்தப் பின்பக்கத்தில்தான் இருக்கிறது என்று எனக்குப் படுகிறது. கதை வேண்டும் என்றால் புத்தகம் போதும், இன்னும் சௌகரியம். அந்தக் காலம் வேண்டும் என்றால்தான் இதழ். சோப்பு என்ன விலை, எந்தப் படம் ஓடியது, வாசகர் எதற்குக் கோபப்பட்டார், எதைச் சிரிப்பு என்று நினைத்தார்கள், இதெல்லாம் எந்தப் பதிப்பகமும் மறுபதிப்புப் போடாது. உ.வே. சாமிநாதையரின் என் சரித்திரம் ஆனந்த விகடனில் 1940 முதல் தொடராக வந்தது. ஏட்டுச் சுவடி தேடி அலைந்த கதையை வாரம் ஒரு முறை, யுத்தகாலச் செய்திகளுக்கு நடுவே படித்தவர்களுக்கு அது எப்படி இருந்திருக்கும்? புத்தகமாகப் படிக்கும்போது அது நமக்குக் கிடைக்காது. ஆனால் புத்தகத்தில் கதை முழுசாகக் கிடைக்கும். இதழில் நடுவில் மூன்று வாரம் காணாமல் போயிருக்கும்.

சரி, ஆசைப்பட்டாரே என்று மாமாவிடம் கொடுத்தேன். இருபது நிமிஷம் படித்தார். அதில் நாலு தும்மல். எழுந்தபோது வேட்டி மேலெல்லாம் தாளின் மூலைகள் அவல் மாதிரி உதிர்ந்து கிடந்தன. அத்தை துடைப்பத்தோடு வந்து நின்றார். "நல்லாத்தான் கீது, ஆனா எழுத்து பொடிப்பொடியா கீதுப்பா" என்று மாமாவே ஒப்புக்கொண்டார்.

தாள் உதிர்வதற்குக் காரணம் வயது மட்டும் இல்லை. அந்தக் கால வார இதழ்களில் பெரும்பாலும் மரக்கூழில் செய்த மலிவான நியூஸ்பிரிண்ட்தான். மரத்திலுள்ள லிக்னின் அதில் அப்படியே தங்கிவிடும். வெளிச்சமும் காற்றும் படப்படப் பழுப்பாகும், அமிலம் சேர்ந்து மொறமொறப்பாகும். சூடு அதை வேகப்படுத்தும். வேலூரை வெயிலூர் என்று சும்மாவா சொல்கிறோம்? மே மாதத்தில் மொட்டை மாடிக்குக் கீழே இருக்கும் பரண் என்பது தாளுக்கு அப்பளச் சட்டி. அதே வருஷத்து நல்ல தாளில் அச்சான கெட்டி அட்டைப் புத்தகம் பக்கத்திலேயே இருந்தது. அதற்கு ஒன்றும் ஆகவில்லை, ராமபாணப் பூச்சி போட்ட நாலு ஓட்டையைத் தவிர.

குறைந்த பாகங்களுக்காகப் பழைய பேப்பர் கடைகளிலும் தேடினேன். உதிரி இதழை எடைக்குப் போடுகிறார்கள். பைண்டு என்றால் கேட்பவன் முகத்தைப் பார்த்து விலை. நான் முகத்தில் ஆசையைக் காட்டிவிடுகிற ஆள், அதனால் எப்போதும் தோல்விதான். நீங்கள் போனால் இரண்டு விஷயம் பாருங்கள். அத்தியாய எண்களை முதலிலிருந்து கடைசி வரை புரட்டி எண்ணுங்கள். முதல் பத்தும் கடைசிப் பத்தும் சரியாக இருந்து நடுவில் ஓட்டை விழுந்திருக்கும். அடுத்து, ஒரு தாளின் மூலையைக் கடைக்காரர் பார்க்காதபோது லேசாக மடித்துப் பாருங்கள். கையோடு வந்துவிட்டால் அது படிக்கிற பொருள் இல்லை, பார்க்கிற பொருள்.

வாங்கிய பிறகுதான் இன்னொரு சிக்கல் தெரிய வரும். தாளின் ஒரு பக்கம் ஒரு தொடர், மறுபக்கம் இன்னொரு தொடர். அந்த வீட்டம்மா எதை வைத்துக்கொள்வது என்று முடிவு செய்தாரோ அதுதான் முழுசாக இருக்கும். மற்றது துண்டு துண்டாக. நான் ஒரு முறை வாங்கிய பைண்டில், எனக்கு வேண்டிய கதை எல்லாம் பின்பக்கத்தில் இருந்தது.

புதுப் புத்தகம் வாங்கும்போது

எழுத்தளவு, வரி இடைவெளி, எடை. கண் அறுவை ஆனவருக்கு வாங்கும்போது ஆசிரியர் பெயருக்கு முன்னால் இந்த மூன்றையும் பாருங்கள். நான் முதலில் பார்க்கவில்லை. ஐந்து பாகமும் ஒரே தொகுதியாக வந்த பொன்னியின் செல்வனைத் தூக்கிக்கொண்டு போனேன். மாமா அதை மார்பில் வைத்துப் படுத்தபடி இரண்டு பக்கம் படித்துவிட்டு, "இது புக்கா, அம்மிக்கல்லா?" என்றார். அதைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன். பாகம் பாகமாகத் தனித்தனியாக இருப்பதுதான் படுத்துப் படிப்பவருக்கு லாயக்கு.

கல்கியின் எழுத்து நாட்டுடைமையாகிவிட்டதால் யார் வேண்டுமானாலும் அச்சடிக்கலாம். அதனால் சில நூறு ரூபாயிலும் கிடைக்கிறது, ஆயிரத்துக்கு மேலும் கிடைக்கிறது. விலை குறைந்த பதிப்பு எல்லாமே மோசம் என்று சொல்ல மாட்டேன். ஆனால் ஓவியம் இருக்காது, எழுத்து நெருக்கியடித்திருக்கும், பிழை திருத்தியவர் பாதியில் தூங்கியிருப்பார். கடையிலேயே நடுவில் ஒரு பக்கத்தைத் திறந்து முழுசாகப் படியுங்கள். ஒரு பக்கத்தில் இரண்டு பிழைக்கு மேல் இருந்தால் வைத்துவிடுங்கள். தாள் பளீரென்று வெள்ளையாக இருந்தால் மாமா மாதிரி ஆட்களுக்குக் கூசும். கொஞ்சம் மங்கலான தாள் நல்லது. இப்போது மாவட்டந்தோறும் புத்தகத் திருவிழா நடப்பதால், பத்து சதவீதக் கழிவுக்காக மட்டும் இல்லாமல், இப்படிப் பிரித்துப் பார்த்து வாங்கவும் அங்கே போகலாம். இணையத்தில் வாங்கினால் அட்டைதான் தெரியும்.

தொடர்கதையைப் புத்தகமாகப் படிப்பதில் இன்னொன்று இருக்கிறது. பொன்னியின் செல்வனில் 290க்கு மேல் அத்தியாயங்கள். ஒவ்வொன்றின் முடிவிலும் ஒரு கொக்கி. ஒரு வாரம் காத்திருக்கிறவருக்காக மாட்டியது. புத்தகத்தில் பக்கத்தைத் திருப்பினால் விடை, அடுத்த கொக்கி, விடை, கொக்கி. ஒரே மூச்சில் ஐம்பது அத்தியாயம் படித்தால் எனக்குக் களைப்பாகிறது. தினம் இரண்டு மூன்று என்று வைத்துக்கொண்டால் கதையின் நடை திரும்பி வருகிறது. மாமாவின் ஒன்றரை மணி நேரத்துக்கு அது பொருத்தம்தான். ஆனால் அவருக்குத்தான் கதை மனப்பாடமாயிற்றே? வந்தியத்தேவன் எந்தக் குதிரையில் எங்கே போகிறான் என்று நமக்குச் சொல்வார். அதற்கு ஆயிரம் ரூபாய் போட மனம் வரவில்லை.

அப்புறம் என்ன வாங்குவது? அவர் படிக்காதது, ஆனால் அவர் ஊர்ப் பக்கத்தது என்று யோசித்தேன். இரண்டு பெயர் வந்தது.

ஒன்று மு.வ. என்கிற மு. வரதராசன். 1912இல் பிறந்து, இளவயதில் திருப்பத்தூர் தாலுகா ஆபீசில் எழுத்தராக இருந்து, பிறகு பச்சையப்பன் கல்லூரிக்கும், கடைசியில் மதுரைப் பல்கலைக்கழகத் துணைவேந்தர் பதவிக்கும் போனவர். அவருடைய அகல்விளக்குக்கு 1961இல் சாகித்திய அகாதமி விருது கிடைத்தது. அதில் வாலாஜா வருகிறது, பாலாறு வருகிறது. ஆனால் மு.வ.வின் மனிதர்கள் வாலாஜாவில் நின்றுகொண்டு வகுப்பறைத் தமிழில் பேசுவார்கள். நல்லவன் யார், கெட்டுப்போகிறவன் யார் என்று நாற்பதாவது பக்கத்திலேயே தெரிந்துவிடும். என் வயதில் எனக்குப் பொறுமை போதவில்லை. ஆனால் அந்தக் காலத்துக் கல்யாணப் பரிசு அது. மாமாவுக்கு அந்த நடை பழக்கமானது, எளிய சொல், சின்ன வாக்கியம், கண்ணுக்கும் இதம்.

இன்னொன்று பேரணாம்பட்டுக்காரரான அழகிய பெரியவன். தகப்பன் கொடி நாவலும் சிறுகதைகளும். நிலத்தைப் பற்றியும் சாதியைப் பற்றியும் அவர் எழுதுவது வலிக்கும். இங்கே பேச்சு நம் பேச்சு. வடார்க்காட்டுக்காரனுக்கு, அதாவது வேலூர்ப் பக்கத்து ஆளுக்கு, அச்சில் தன் பேச்சைப் பார்க்கும் வாய்ப்பு அடிக்கடி கிடைப்பதில்லை. சினிமாவில் 'கீது' என்றாலே காமெடியன் என்று ஆகிவிட்டது. ஊரைப் பார்க்க வேண்டும் என்றால் மு.வ., ஊரைக் கேட்க வேண்டும் என்றால் அழகிய பெரியவன். மாமாவுக்கு முதலாவது பிடிக்கும் என்றும் இரண்டாவது வேண்டும் என்றும் எனக்குத் தோன்றியது. இரண்டையும் வாங்கினேன்.

வடார்க்காடு மாவட்டத்தைப் பற்றி ஆர்தர் காக்ஸ் தொகுத்து 1881இல் வந்த மேனுவலையும், அதை ஸ்டூவர்ட் 1890களில் திருத்திப் போட்ட பதிப்பையும் பற்றி ஆர்வமாகச் சொல்ல ஆரம்பித்தேன். ஏரி, சாதி, பயிர், 1806 சிப்பாய்க் கிளர்ச்சி எல்லாம் இருக்கிறது. "இங்கிலீஷா? வேணாம்" என்று ஒரே வார்த்தையில் முடித்துவிட்டார்.

நூலகம், சென்னை, சிறுபத்திரிகை

மாவட்ட மைய நூலகத்துக்கு நானே போய் உட்கார்ந்து பார்த்தேன். வீட்டு வரியில் ரூபாய்க்குப் பத்துக் காசு நூலக வரியாகத்தான் போகிறது; அந்த வரி 1948 சட்டத்தில் வந்தது. ஏற்கெனவே காசு கட்டியாகிவிட்டது என்ற நினைப்போடு போவது நல்லது. நாவல் அலமாரி தாராளமாக இருக்கிறது. ஆனால் உட்காரும் இடமெல்லாம் போட்டித் தேர்வுக்குப் படிக்கும் பிள்ளைகள். அவர்களுக்கு அது வேண்டியதுதான், அவர்களை எழுப்பிவிட்டு மாமாவை உட்கார வைக்க முடியாது. எடுத்து வந்து படிக்கலாம். நாவலுக்கு இதைவிட மலிவான வழி கிடையாது. பிடிக்காவிட்டால் பத்தாம் பக்கத்தில் மூடிவிடலாம், மூவாயிரமும் பத்திரம். பழைய இதழுக்கு மட்டும் ஊர் நூலகங்களை நம்ப வேண்டாம். இடம் போதாமல் கழித்துவிடுவார்கள். நான் கல்லூரியில் படித்த காலத்தில் ஒரு நூலகத்தில் வரிசையாகப் பார்த்த பைண்டு வால்யூம்களை, வேலைக்குப் போய்த் திரும்பி வந்து கேட்டபோது எடைக்குப் போட்டாயிற்று என்றார்கள். சொன்னவர் முகத்தில் வருத்தம் இல்லை, இடம் கிடைத்த சந்தோஷம்தான் இருந்தது.

ஒரு குறிப்பிட்ட இதழ், குறிப்பிட்ட மாதம் என்று தேடுகிறவர் காட்பாடியில் ரயில் ஏறுவதுதான் சரி. இரண்டு, இரண்டரை மணி நேரத்தில் சென்னை. எழும்பூரில் 1896இலிருந்து இருக்கும் கன்னிமாரா நூலகம், தரமணியில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம். பின்னதற்கு அடித்தளம் கோட்டையூர் ரோஜா முத்தையா என்ற தனி மனிதர் வாழ்நாள் முழுக்கச் சேர்த்த புத்தகங்களும் இதழ்களும் துண்டுப் பிரசுரங்களும். ஆயாவின் கத்தரி செய்த வேலையின் பெரிய வடிவம் என்று நினைத்துக்கொள்வேன். மாமாவை ரயிலேற்ற உத்தேசம் இல்லாததால் இது எனக்கான வழி.

சிறுபத்திரிகைகளும் அப்படியே. மணிக்கொடி, சி.சு. செல்லப்பா நடத்திய 'எழுத்து' இவற்றை இதழாகத் தேடி அலைவதைவிடத் தொகுப்பாகப் படிப்பது நல்லது. அவற்றில் பின்பக்க விளம்பரமும் பெரிதாக இல்லை. மாமாவிடம் ஒரு தொகுப்பைக் காட்டினேன். "நல்லா கீது" என்று மரியாதையாகத் திருப்பித் தந்துவிட்டார்.

ஸ்கேன்

தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகத்தில் பழைய நூல்களும் பருவ இதழ்களும் ஏராளமாக இலவசமாகக் கிடைக்கின்றன. 1998இல் தொடங்கிய மதுரைத் திட்டத்தில் பொன்னியின் செல்வன் உட்பட நிறைய நூல்கள் தட்டச்சு செய்த எழுத்தாகவே உண்டு. இந்த இரண்டுக்கும் உள்ள வித்தியாசத்தைப் புரிந்துகொண்டால் பாதிக் குழப்பம் தீரும். மதுரைத் திட்டத்தில் இருப்பது எழுத்து; வேண்டிய அளவு பெரிதாக்கலாம், வரி தானாக மடங்கும், ஒரு சொல்லைத் தேடலாம். ஸ்கேன் என்பது படம். பெரிதாக்கினால் வரி திரைக்கு வெளியே ஓடும், ஒவ்வொரு வரிக்கும் இடமும் வலமும் தள்ள வேண்டும். ஆறு அங்குலப் போனில் பழைய வார இதழின் ஸ்கேனைப் படிப்பது சாவித் துவாரம் வழியாகத் தெருக்கூத்து பார்ப்பது மாதிரி. பத்து அங்குல டேப்லட் இருந்தால் மட்டும் இந்த வழியைப் பற்றி யோசியுங்கள். மைத்துனனின் பழைய டேப்லட் ஒன்று சும்மா கிடந்தது; வாங்கி வந்தேன்.

கதையைச் சொல்லித் தரும் ஒலிப்புத்தகம் பற்றியும் ஒரு வார்த்தை. கண்ணாடி வருவதற்கு முந்தைய அந்த ஒன்றரை மாதம் மாமாவைக் காப்பாற்றியது அதுதான். கண் தெளிந்ததும் நிறுத்திவிட்டார். "யாரோ படிக்கறத நான் ஏன் கேக்கணும்?"

பேத்திக்கு

குழந்தைக்குப் பழைய அம்புலிமாமா வாங்குவதா, காமிக்ஸ் வாங்குவதா, புதிய படக்கதைப் புத்தகமா? 1947 ஜூலையில் தொடங்கிய அம்புலிமாமா இப்போது வருவதில்லை. பக்கத்துக்குப் பக்கம் படம், சின்னச் சின்னக் கதை, விடாமல் வேதாளம். விக்கிரமாதித்தன் கதைகளின் அமைப்பே தாத்தா படிக்கப் பேத்தி கேட்பதற்கென்று செய்தது போல: கடைசியில் வேதாளம் ஒரு கேள்வி கேட்கும், அங்கே நிறுத்திவிட்டு நாம் காபி குடிக்கலாம். காமிக்ஸ் வேகமானது, 1972இல் சிவகாசியிலிருந்து இரும்புக்கை மாயாவியோடு கிளம்பிய முத்து காமிக்ஸில்தான் என் தலைமுறைப் பையன்கள் பலர் வாசிக்கப் பழகினோம். ஆனால் அவள் வயதுக்குக் கட்டத்துக்குள் அடைத்த பேச்சு பொடியாக இருந்தது. புதிய படக்கதைப் புத்தகம் அழகாக இருக்கிறது, பத்து நிமிஷத்தில் தீர்ந்துவிடுகிறது.

அம்புலிமாமா என்று முடிவு செய்தபோது ஒரு பள்ளம் இருந்தது. 1978 அக்டோபரில் எழுத்துச் சீர்திருத்த அரசாணை வரும் வரை ணை, லை, ளை, னை எல்லாம் யானைத் தும்பிக்கையோடுதான் அச்சாயின. ணா, றா, னா மூன்றும் சுழித்துக்கொண்டு வேறு வடிவில் இருந்தன. பெரியார் தன் குடி அரசில் 1935லேயே மாற்றிவிட்டார். மற்றவர்கள் நாற்பது வருஷத்துக்கு மேல் எடுத்துக்கொண்டார்கள், ஆணை வந்த பிறகும் எல்லாரும் ஒரே நாளில் மாறவில்லை. எழுத்துக் கூட்டுகிற குழந்தையிடம் 60களின் இதழைக் கொடுத்தால், பள்ளியில் படித்ததும் மறந்துவிடும். எண்பதுகளின் நடுப்பகுதிக்குப் பின் வந்த இதழ்களாகப் பார்த்து ஒன்பது வாங்கினேன். அதில் இரண்டு ஒரே இதழ் என்று வீட்டுக்கு வந்த பிறகுதான் கவனித்தேன்.

கணக்கு இப்படி வந்தது: நாவல்களும் ஒரு சிறுகதைத் தொகுப்பும் தொள்ளாயிரத்துச் சொச்சம். அம்புலிமாமா ஐந்நூறு. பைண்டு இரண்டையும் போட்டு வைக்க அட்டைப் பெட்டி செய்யச் சொன்னதில் முந்நூற்றைம்பது. மறுபடி தைக்க வேண்டாம், தைத்தால் ஊசி போகிற இடத்தில் கிழியும் என்று பைண்டரே சொல்லிவிட்டார். மிச்சத்தை மைத்துனனுக்குத் திருப்பி அனுப்பினேன். "மூவாயிரத்துக்கும் வாங்க மாட்டியா மச்சான்" என்று கோபித்துக்கொண்டான்.

அப்புறம் நடந்தது என் பட்டியலில் இல்லாத வழி. விடுமுறைக்கு வந்த பேத்தி, டேப்லட்டில் கேமரா இருப்பதைக் கண்டுபிடித்து, சன்னல் வெளிச்சத்தில் சுழற்காற்றை ஒவ்வொரு பக்கமாகப் படம் எடுக்க ஆரம்பித்தாள். ஜெராக்ஸ் கடையில் கண்ணாடி மேல் கவிழ்த்து அழுத்தினால் முதுகு முறிந்திருக்கும். இதில் அந்தப் பயம் இல்லை. தாளும் உதிரவில்லை, தும்மலும் இல்லை, எழுத்து மாமாவுக்கு வேண்டிய அளவு பெரிதாயிற்று. வரியை இடமும் வலமும் தள்ளுகிற தொல்லை இருந்தது. அதை அவள் பக்கத்தில் உட்கார்ந்து தள்ளிவிட்டாள். தும்பிக்கை எழுத்து வரும்போதெல்லாம் "இது என்ன தாத்தா?" என்று நிறுத்தினாள். அகல்விளக்கு நாற்பது பக்கத்தில் அடையாளச் சீட்டோடு கட்டில் மேல் கிடக்கிறது. தகப்பன் கொடியை அத்தை எடுத்துக்கொண்டார். மத்தியானம் தூங்காமல் படிக்கிறார்.

நேற்றுப் போயிருந்தபோது டேப்லட்டைக் கையில் வைத்துக்கொண்டு மாமா பேத்தியிடம் கேட்டுக்கொண்டிருந்தார்: "இந்தப் பக்கத்துக்குப் பின்னாடி ஒண்ணு இருக்குமே, அது எங்கம்மா?"

"அதுல கதை இல்ல தாத்தா, ஏதோ தலைக்கு எண்ணெய்னு போட்டிருந்தது. அதான் எடுக்கல."

"அதையும் எடு" என்றார்.